ஈயம் இல்லாத தொங்கல்தான் அசல்: ஒரு எட்டுக் கை சரவிளக்கைப் பிரித்துச் சோதித்த பதிவு

விளக்கு மறுபடி உத்தரத்தில் ஏறிவிட்டது. எட்டுக் கை, 92 செ.மீ. உயரம், 70 செ.மீ. விட்டம், தொங்கல்களோடு 17 கிலோ. கைக்கு வந்தபோது "அயர்லாந்து வாட்டர்ஃபோர்டு, 19ஆம் நூற்றாண்டு, முழு ஈயக் கிரிஸ்டல்" என்ற விவரத்தோடு வந்தது. ஈயக் கிரிஸ்டல் என்பது ஈய ஆக்சைடு சேர்த்த கனமான கண்ணாடி; வாட்டர்ஃபோர்டு அதற்குப் பெயர்போன ஊர். பிரித்து அளந்து பார்த்ததில் அந்த விவரத்தில் ஊர், காலம், பொருள் மூன்றுமே நிற்கவில்லை. ஆனாலும் விளக்கு போலி அல்ல. கையால் தீட்டிய பட்டையோடு (கண்ணாடியின் தட்டை முகங்கள்) பொஹீமியா (இன்றைய செக் நாட்டின் பகுதி) பாணியில் செய்த நல்ல விளக்கு, நடுவில் பலர் கைபட்டுக் கலப்படமாகியிருக்கிறது. அதைக் கண்டுபிடித்த வரிசையும், அந்த வரிசை ஓரிடத்தில் வழி தவறியதும்தான் இந்தப் பதிவு.

கழற்றுவதற்கு முன்

முதலில் கரண்ட் துண்டிப்பு. பிறகு நான்கு பக்கமும், நேர்கீழிருந்தும் படம். ஒவ்வொரு கைக்கும் ஒரு எழுத்து, ஒவ்வொரு அடுக்குக்கும் ஒரு எண், நூலில் கட்டிய காகிதச் சீட்டு. ஒட்டும் டேப்பைக் கண்ணாடியிலோ முலாமிலோ ஒட்டக் கூடாது. பழைய பொன்முலாம் டேப்போடு உரிந்து வந்துவிடும்.

கழற்றும்போதே கவனிக்க வேண்டியது துளையைச் சுற்றியுள்ள கறை. பித்தளைப் பின்னில் (தொங்கலைக் கோத்து மாட்டும் கம்பி) பல காலம் தொங்கிய கண்ணாடியில் துளை ஓரத்தில் கருப்பாகவோ பச்சையாகவோ ஒரு வளையம் படிந்திருக்கும். அண்மையில் மாட்டியதில் இருக்காது. கழுவிவிட்டால் இந்தச் சாட்சி போய்விடும். ஆகவே கழுவுவதற்கு முன்பே ஒவ்வொரு தொங்கலையும் லென்ஸில் பார்த்து, கறை உண்டு, இல்லை என்று இரண்டு தட்டில் பிரித்து வைத்தது பின்னால் பெரிய உதவியாக இருந்தது. உண்மையில் கடைசித் தீர்ப்பு இந்தத் தட்டுகளிலிருந்துதான் வந்தது.

மொத்தம் 184 தொங்கல். பாதாம்பருப்பு வடிவத்தில் 50 மி.மீ. நீளமுள்ளவை, அவற்றின் மேலே கோத்த 14 மி.மீ. எண்கோண மணிகள், அடியில் ஒரு 40 மி.மீ. உருண்டை.

சட்டம் பேசியது

பலரும் நேரே கண்ணாடிக்குப் போவார்கள். சட்டத்தைப் பார்ப்பது மலிவு, வேகம், பொய் சொல்வதும் குறைவு. தொங்கலை யார் வேண்டுமானாலும் மாற்றி மாட்டலாம். சட்டத்தை மாற்றினால் அது வேறு விளக்கு.

இந்த விளக்கின் கைகள் கண்ணாடிக் குழாய் அல்ல. தட்டையான உலோகப் பட்டையை வளைத்து, இரு பக்கமும் கண்ணாடிப் பட்டிகளைப் பொருத்தி, இணைப்பில் சிறு கண்ணாடிப் பூ வைத்துக் கம்பியால் இறுக்கியிருக்கிறார்கள். இது மரியா தெரேசா வகை. 18ஆம் நூற்றாண்டின் நடுவில் ஹாப்ஸ்பர்க் அரசியின் பெயரால் வழங்கத் தொடங்கியது. பொஹீமியாவிலும் வியன்னாவிலும் வேரூன்றிய பாணி. பழைய ஐரிஷ், ஆங்கில விளக்குகளில் கை பெரும்பாலும் வளைத்த கண்ணாடி. அடியைப் பித்தளைக் கிண்ணத்தில் நிறுத்திப் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் ஊற்றி இறுக்கியிருப்பார்கள். கையின் அமைப்பிலேயே "வாட்டர்ஃபோர்டு" ஆட்டம் கண்டுவிட்டது.

காந்தம் ஒட்டியது. "பித்தளை இல்லை, இரும்பு, அதனால் மட்டமான நகல்" என்று இந்த இடத்தில் முடிவு கட்டிவிடுவது வழக்கம். அது பிழை. மரியா தெரேசா வகையில் பொன்முலாம் பூசிய இரும்புப் பட்டை பழைய விளக்குகளிலேயே உண்டு. பித்தளை விளக்கிலும் நடுத்தண்டுக்குள் எஃகுக் குழாய் இருப்பது சாதாரணம். காந்தம் ஒட்டாத துத்தநாக வார்ப்பு மேல் பித்தளை நிறம் பூசிய விளக்குகளும் ஏராளம். அவற்றை மறைவான இடத்தில் ஊசியால் லேசாகக் கீறினால் சாம்பல் நிறம் தெரியும், பித்தளை என்றால் மஞ்சளே தெரியும். காந்தம் இரும்பு உண்டா இல்லையா என்று சொல்லும், தரம் என்ன என்று சொல்லாது.

காலத்தைச் சொன்னது மரைகள் (திருகுப் புரிகள்). மெழுகுவர்த்திக்காகச் செய்து பின்னால் மின்சாரத்துக்கு மாற்றிய விளக்கில் மாற்றத்தின் தடம் இருக்கும்: கையின் வெளியே ஓடும் வயர், தட்டின் நடுவில் பிறகு துளைத்த துளையின் சில்லுகள், மெழுகுவர்த்திக் குழியை அடைத்த தக்கை. இங்கே ஒன்றும் இல்லை. இரும்புப் பட்டையின் முதுகில் வயருக்கான மெல்லிய குழாய் உற்பத்தியின்போதே பற்றவைக்கப்பட்டு, மேலே முலாம் தடையில்லாமல் ஓடுகிறது. சொட்டுத் தட்டின் (பிடிப்பானின் கீழுள்ள சிறு தட்டு) நடுத்துளை சுத்தமான 10 மி.மீ.; அதில் நிற்கும் குழாயின் மரை எம்10, புரியிடைவெளி 1 மி.மீ. ஐரோப்பிய மின்விளக்குப் பிடிப்பான்களின் வழக்கமான மரை அது. ஆக, பிறக்கும்போதே மின்விளக்கு.

இரண்டு பிடிப்பான்களின் பீங்கானில் "செக்கோஸ்லோவாகியா" என்று அழுத்திய எழுத்து. அந்த நாடு 1918இல் உருவாகி 1992 முடிவில் பிரிந்தது. முத்திரை பிடிப்பானின் வயதைத்தான் சொல்கிறது. விளக்கின் வயதுக்கு அது ஒரு துணைச் சான்று. மற்ற ஆறும் வேறு தயாரிப்பு. மேல் குடைமூடியில் ஒரு பிலிப்ஸ் தலை திருகாணி இருந்தது. அந்தக் கூட்டல் குறித் தலை 1930களில்தான் சந்தைக்கு வந்தது. முலாம் உடையாமல் அது உட்கார்ந்திருந்தால் சட்டத்தின் காலத்துக்கே கீழ்வரம்பு கிடைத்திருக்கும். ஆனால் சுற்றிலும் கீறல், மற்ற ஏழும் நேர்வெட்டுத் தலை. பிறகு யாரோ மாற்றியது. கணக்கில் சேர்க்கவில்லை.

லென்ஸின் கீழ்

10 மடங்கு லென்ஸ், வெள்ளைத் தாள், பக்கவாட்டிலிருந்து ஒரு சிறு எல்.இ.டி. டார்ச். பார்க்க வேண்டிய இடங்கள் மூன்று.

ஒன்று, பட்டைகள் சந்திக்கும் விளிம்பு. சக்கரத்தில் தீட்டிய விளிம்பு கூர்மை. நகத்தை ஓட்டினால் பிடிக்கும். அச்சில் அழுத்திய கண்ணாடியில் விளிம்பு வழவழப்பாக உருண்டிருக்கும், பட்டையின் நடு குளிரும்போது சுருங்கி மெல்லிய குழிவாக இருக்கும். டார்ச்சின் பிம்பத்தைப் பட்டையில் விழவைத்து மெல்ல ஆட்டுங்கள்: தட்டையான பட்டையில் பிம்பம் நேராக நகரும், அச்சுப் பட்டையில் நெளியும். ஒரு சிக்கல் உண்டு. அமிலத்தில் மெருகேற்றிய கைவேலையிலும் விளிம்பு சற்று மழுங்கும். அப்போது பட்டைகள் சந்திக்கும் முனைப்புள்ளியைப் பாருங்கள். கையால் தீட்டியதில் நான்கு பட்டைகள் ஒரே புள்ளியில் துல்லியமாகச் சேராது. அரை மில்லிமீட்டர் தள்ளி ஒரு சிறு கோடாகச் சேரும். இயந்திரத்தில் தீட்டியதில் எல்லாத் தொங்கலிலும் ஒரே மாதிரி, ஊசிமுனையாகச் சேரும்.

இரண்டு, துளை. கைவேலைத் துளை இரண்டு பக்கத்திலிருந்தும் துளைத்து நடுவில் சந்திப்பது. உள்ளே ஒரு படி தெரியும், வாயில் மணல்மணலாகச் சில்லு. அச்சோடு பிறந்த துளை புனல் போல வழவழப்பாக இருக்கும். இயந்திரத் துளை நேர் உருளை.

மூன்று, பக்க விளிம்பில் ஓடும் அச்சுக்கோடு. அச்சில் அழுத்திய பிறகு முன்பக்கத்தை மட்டும் சக்கரத்தில் தொட்டுவிட்டு விற்பதுண்டு. அதனால் பக்கத்தையும் பின்பக்கத்தையும் பார்க்காமல் விடக் கூடாது.

குமிழிகளைப் பற்றி நிறைய பேச்சு இருக்கிறது. குமிழி இருந்தால் பழசு என்பார்கள், மட்டம் என்பார்கள். எதற்கும் உதவாது. ஸ்படிகமா கண்ணாடியா என்ற கேள்விக்கு மட்டும் உருண்டையான குமிழி பயன்படும்: அது இருந்தால் இயற்கை ஸ்படிகம் (குவார்ட்ஸ்) அல்ல.

இந்தச் சுற்றில் தொங்கல்கள் நான்கு குவியலாகப் பிரிந்தன. அ: கைத்தீட்டு, படி உள்ள துளை, 118. ஆ: கத்தி விளிம்பு, ஊசிமுனைச் சந்திப்பு, 41. இ: அச்சு, 19. ஈ: கையில் எடுத்தாலே வெதுவெதுப்பாக, எடையில்லாமல் இருந்த 6, அக்ரிலிக். ஈ குவியலுக்கு இனி எந்தச் சோதனையும் வேண்டாம், ஆனாலும் அளவுகோல் சரிதானா என்று பார்க்க ஒன்றை அடர்த்திச் சோதனைக்கு வைத்துக்கொள்வது நல்லது.

அடர்த்தி: இந்த வேலையின் முதுகெலும்பு

தேவை 0.01 கிராம் காட்டும் பாக்கெட் தராசு, 200 கிராம் கொள்ளளவு. மெல்லிய பிளாஸ்டிக் கோப்பையில் 120 மி.லி. தண்ணீர், கோப்பையும் தண்ணீரும் சேர்ந்து கொள்ளளவைத் தாண்டாதபடி பார்த்துக்கொள்ள வேண்டும். 0.1 மி.மீ. தூண்டில் நரம்பு. தராசுக்கு மேல் ஒரு குறுக்குக் குச்சி, இரண்டு புத்தக அடுக்கின் மேல் நிறுத்தியது.

முதலில் பின்னைக் கழற்றிய, உலர்ந்த தொங்கலின் எடை. அடுத்து தண்ணீர்க் கோப்பையைத் தராசில் வைத்து டேர் அழுத்திப் பூஜ்யமாக்க வேண்டும். தொங்கலை நரம்பில் கட்டிக் குச்சியிலிருந்து தண்ணீருக்குள் இறக்க வேண்டும். முழுவதும் மூழ்க வேண்டும், அடியையோ பக்கத்தையோ தொடக் கூடாது. இப்போது தராசு காட்டும் கிராம்தான் தொங்கலின் கனஅளவு, மி.லி. கணக்கில். முதல் எடையை இதால் வகுத்தால் அடர்த்தி. தண்ணீரின் அடர்த்தி 25 டிகிரியில் 0.997, இந்த வேலைக்கு 1 என்றே வைத்துக்கொள்ளலாம்.

அ குவியலில் ஒன்று: 14.86 கிராம், மூழ்கியபோது 6.01. அடர்த்தி 2.47.
ஆ குவியலில் ஒன்று: 18.52, 6.08. அடர்த்தி 3.05.
அக்ரிலிக்: 7.10, 5.97. அடர்த்தி 1.19.

தவறு வரும் இடங்கள்: துளைக்குள் ஒட்டிய குமிழி. 0.1 மி.லி. குமிழி ஒன்று 3.05ஐ 3.00 ஆக்கிவிடும். தண்ணீரில் ஒரு துளி பாத்திரம் கழுவும் திரவம் விட்டு, தொங்கலை முதலில் நனைத்து, துளையைத் தூரிகையால் ஒருமுறை குடைந்தால் குமிழி போய்விடும். பின்னைக் கழற்றாமல் அளப்பது இன்னொன்று. பெரிய தொங்கலில் பின்னின் பாதிப்பு தெரியாது. 2 கிராம் எண்கோண மணியில் 0.2 கிராம் பித்தளை இணைப்பு, 2.5 என்ற சாதாரணக் கண்ணாடியை 2.7 என்று காட்டும். அந்த எண்ணை வைத்துக்கொண்டு குறைந்த ஈயக் கண்ணாடி என்று கதை கட்டிவிடலாம். மூன்றாவது, 14 மி.மீ. மணிகளைத் தனித்தனியே அளப்பது. கனஅளவு 0.7 மி.லி.தான், 0.1 கிராம் காட்டும் சமையல் தராசில் அது வெறும் ஊகம். ஒரே குவியலின் பத்து மணிகளை ஒரு நரம்பில் கோத்து ஒன்றாக மூழ்கடித்தால் பிழை சுருங்கும். ஆனால் கோக்கும் பத்தும் லென்ஸில் ஒரே இனம் என்று உறுதியாக வேண்டும். இல்லையேல் சராசரி ஏமாற்றும்.

எண்களுக்குப் பொருள் என்ன? 1969இல் ஐரோப்பியப் பொதுச் சந்தை வகுத்த வரையறையில் 30 சதவீதமும் அதற்கு மேலும் ஈய ஆக்சைடு இருந்தால் முழு ஈயக் கிரிஸ்டல், அடர்த்தி குறைந்தது 3.00. 24 சதவீதம் இருந்தால் ஈயக் கிரிஸ்டல், அடர்த்தி 2.90, ஒளிவிலகல் எண் 1.545. துத்தநாகம், பேரியம், ஈயம், பொட்டாசியம் ஆகியவற்றின் ஆக்சைடுகள் சேர்ந்து 10 சதவீதம் இருக்கும் வகைக்கு 2.45 போதும். மேசைக் கண்ணாடிகளை மனத்தில் வைத்து எழுதிய விதி இது. விளக்குத் தொங்கல் வணிகத்திலும் இதே எண்களைத்தான் சொல்கிறார்கள். சாதாரண சோடாச் சுண்ணாம்புக் கண்ணாடி 2.5. "கே9 கிரிஸ்டல்" என்று விற்கும் ஒளியியல் கண்ணாடியும் ஏறத்தாழ அதே 2.5, அதில் ஈயம் கிடையாது, நன்றாகத் தீட்டியிருந்தால் கண்ணுக்கு நன்றாகவே மின்னும். இயற்கை ஸ்படிகம் 2.65.

அதாவது 3க்கு மேல் வந்தால் விடை தெளிவு. 2.5 பக்கத்தில் வந்தால் அது சோடாக் கண்ணாடியா, பொட்டாஷ் கண்ணாடியா, கே9ஆ என்று அடர்த்தி பிரித்துச் சொல்லாது.

வழி தவறிய இடம்

இந்த நிலையில் தட்டுகள் "ஈயம் உண்டு, அசல்: 41", "ஈயம் இல்லை, மாற்று: 137" என்று அடுக்கப்பட்டன. அடுத்து செய்ய இருந்தது, 137ஐயும் கழித்துக் கட்டிவிட்டு ஈயக் கிரிஸ்டல் தொங்கல் புதிதாக வாங்குவது. நிறுத்தியது துளைக் கறைத் தட்டு. கறை வளையம் இருந்தவை எல்லாம் அ குவியலில். ஆ குவியலில் ஒன்றில்கூட இல்லை. ஆ தொங்கல்கள் தொங்கியது குரோம் பூசிய, இயந்திரத்தில் வெட்டிய வில் வடிவ இணைப்புகளில்; அ தொங்கியது கையால் வளைத்த பித்தளைக் கம்பியில். ஈயமுள்ளவைதான் பின்னால் வந்தவை.

யோசித்தால் இதில் வியப்பே இல்லை. ஈயக் கண்ணாடி இங்கிலாந்தில் ஜார்ஜ் ரேவன்ஸ்கிராஃப்ட் 1674இல் காப்புரிமை பெற்ற வழியில் வளர்ந்தது. பொஹீமியாவின் பெருமை வேறு தடத்தில்: காட்டு மரச் சாம்பலின் பொட்டாஷும் சுண்ணாம்பும் சேர்ந்த கடினமான, நிறமற்ற கண்ணாடி, ஆழமாக வெட்டவும் செதுக்கவும் ஏற்றது. வெனிஸ் அருகேயுள்ள முரானோ தீவின் விளக்குகள் சோடாக் கண்ணாடி. உலையருகே இழுத்து வளைத்துச் செய்பவை, அவற்றில் ஈயம் தேடுவதே வீண். ஈயத்தை மட்டும் அளவுகோலாக வைத்தால் முரானோவும் பழைய பொஹீமியாவும் "போலி"யாகிவிடும், நேற்று இயந்திரத்தில் தீட்டிய தொங்கல் "அசல்" ஆகிவிடும். கேள்வியை மாற்ற வேண்டும்: இந்தச் சட்டத்தோடு பிறந்த கண்ணாடி எது?

வாட்டர்ஃபோர்டு என்ற பேச்சுக்கு மட்டும் அடர்த்தி நேரடியாக முடிவு கட்டியது. 1783இல் தொடங்கி 1851இல் மூடிய பழைய ஆலையும், 1947இல் அதே பெயரில் மீண்டும் தொடங்கியதும் செய்தது ஈயக் கிரிஸ்டல். சட்டத்தோடு பிறந்த 118 தொங்கலும் 2.46 முதல் 2.49 வரை என்றால் அந்தப் பெயர் வெளியேற வேண்டியதுதான்.

மூன்று துணைச் சோதனைகள்

புற ஊதா: இருட்டறையில் 254 நானோமீட்டர் குற்றலை (குறுகிய அலைநீள) விளக்கின் கீழ் ஈயக் கண்ணாடி வெளிர் நீலமாக ஒளிரும். ஆ குவியல் அப்படியே ஒளிர்ந்தது. 365 நானோமீட்டர் டார்ச்சில் அ குவியல் மங்கிய மஞ்சள் பச்சை காட்டியது. நிறம் நீக்க மாங்கனீசு சேர்த்த பழைய முறைக் கண்ணாடியில் எதிர்பார்ப்பது அது. இ குவியலில் குறிப்பிடும்படி எதுவும் இல்லை. ஒரே தட்டில் எல்லாக் குவியலையும் பரப்பி டார்ச் அடித்தால் தப்பிய துண்டுகள் தாமே எழுந்து நிற்கும். அ தட்டில் கலந்திருந்த இரண்டு எண்கோண மணிகள் இப்படித்தான் பிடிபட்டு இடம் மாறின (மேலே உள்ள எண்ணிக்கை திருத்திய பிறகு உள்ளது). குற்றலை விளக்கு கண்ணையும் தோலையும் சுடும்: கண்ணுக்குப் பாலிகார்பனேட் பாதுகாப்புக் கண்ணாடி, முழுக்கைச் சட்டை, கையுறை கட்டாயம். தொங்கலுக்கும் விளக்குக்கும் நடுவே சாதாரணக் கண்ணாடித் தட்டு இருந்தால் 254 ஊடுருவாது, சோதனை பொய்யாகும்.

துருவ ஒளி: அடியிலிருந்த 40 மி.மீ. உருண்டை "ஸ்படிகம்" என்று சொல்லப்பட்டது. மடிக்கணினித் திரையில் வெள்ளைப் பக்கத்தைத் திறந்து, துருவமூட்டும் குளிர்கண்ணாடியைத் திரை கருப்பாகும் கோணத்துக்குத் திருப்பி, நடுவில் உருண்டையைப் பிடித்துச் சுழற்ற வேண்டும். ஸ்படிகம் என்றால் ஒரு முழுச் சுற்றில் நான்கு முறை வெளிச்சமும் நான்கு முறை இருட்டும் மாறி மாறி வரும். கண்ணாடி என்றால் இருட்டாகவே இருக்கும். சரியாக ஆறவைக்காத கண்ணாடியில் உள் இறுக்கத்தால் திட்டுத்திட்டாக ஒளி தெரியலாம், அக்ரிலிக்கில் வானவில் பட்டைகள் தெரியலாம். ஸ்படிகத்தையும் அதன் ஒளியச்சின் வழியே நேராகப் பார்த்தால் இருட்டே தெரியும். அதனால் மூன்று நான்கு திசையில் திருப்பிப் பார்க்காமல் முடிவு சொல்லக் கூடாது. இந்த உருண்டை எல்லாத் திசையிலும் இருட்டு. அடர்த்தி 2.48. கண்ணாடி, அ குவியலின் இனம்.

கிராம்பு எண்ணெய்: அதன் ஒளிவிலகல் எண் ஏறத்தாழ 1.53, சாதாரணக் கண்ணாடி 1.52. சிறு மணியை அதில் மூழ்கவைத்தால் சாதாரணக் கண்ணாடியின் விளிம்பு ஏறக்குறைய மறைந்துவிடும்; ஈயக் கண்ணாடியின் விளிம்பு தெளிவாக நிற்கும். தராசு இல்லாதபோது உதவும். அக்ரிலிக்கை இதில் போடாதீர்கள், மேற்பரப்பு கெட்டுவிடலாம்.

பயன்படாதவை: தட்டி ஒலி கேட்பது (சிறு தொங்கல் எதுவுமே கணகணக்காது, அகலத் தட்டில் வேண்டுமானால் பார்க்கலாம், பொட்டாஷ் கண்ணாடியும் ஒலிக்கும்), சுவரில் வானவில் பார்ப்பது (நன்றாகத் தீட்டிய சாதாரணக் கண்ணாடியும் வீசும், பக்கத்தில் இன்னொன்றை வைத்து ஒப்பிட்டால் மட்டுமே பயன்), பெயின்டுக்கு விற்கும் ஈயச் சோதனைக் குச்சி. கண்ணாடிக்குள் கட்டுண்ட ஈயம் குச்சிக்கு எளிதில் சிக்காது. பக்கத்தில் இருக்கும் ஈயப்பற்று சிவப்புக் காட்டி ஏமாற்றும். விலையுயர்ந்த விளக்கு என்றால் கையடக்க எக்ஸ்ஆர்எஃப் கருவியில் (எக்ஸ்கதிரால் தனிமங்களைக் காட்டுவது) ஒரு குவியலுக்கு ஒரு தொங்கல் காட்டுவது எஞ்சியிருக்கும் வழி. ஈயம், பேரியம், பொட்டாசியம் காட்டும்; சோடியம் இலகுவான தனிமம் என்பதால் அது அந்தக் கருவிக்குப் பிடிபடாது.

முத்திரையை எவ்வளவு நம்பலாம்

இந்த விளக்கின் தொங்கல்களில் முத்திரை எதுவும் கிடைக்கவில்லை, ஆனால் தேடும் வழி சொல்லத் தக்கது. ஆஸ்திரிய நிறுவனமான ஸ்வரோவ்ஸ்கியின் ஸ்ட்ராஸ் வகைத் தொங்கலில் துளைக்கு அருகே லேசரால் எழுதிய மிகச் சிறிய முத்திரை இருக்கும். நேரே பார்த்தால் தெரியாது, டார்ச்சைச் சாய்த்தால் தெரியும். அந்த நிறுவனம் 2012இலிருந்து ஈயமில்லாக் கலவைக்கு மாறிவிட்டது. ஆகவே அதன் புதிய தொங்கலை ஈயச் சோதனையில் "தோற்றது" என்று ஒதுக்குவது அபத்தம். பிரெஞ்சுக் கண்ணாடி நிறுவனமான பக்காராவின் அமில முத்திரை 1936இலிருந்து வழக்கம். அதற்கு முந்தையதில் இல்லாதது குறையல்ல. அதன் இன்றைய சரவிளக்குகளில் ஒற்றைச் சிவப்பு எண்கோணம் தொங்கும். சிவப்பு மணியை யாரும் வாங்கி மாட்டிவிடலாம் என்பதால் அதை மட்டும் வைத்துப் பணம் கொடுக்காதீர்கள். ஒட்டிய காகிதச் சீட்டுக்கு நான் கொடுக்கும் மதிப்பெண் பூஜ்யம். கைகளின் அடியிலும் அவை உட்காரும் தட்டிலும் ஒத்துப்போகும் எண்களோ அரம் போட்ட கோடுகளோ இருந்தால், அது எந்த முத்திரையையும்விடப் பெரிய சான்று: கையும் தட்டும் சேர்ந்தே பிறந்தவை. இங்கே எட்டில் ஏழு ஒத்துப்போயின. எட்டாவது கையில் கோடே இல்லை, வளைவும் 4 மி.மீ. குறைவு. பின்னாளில் செய்து சேர்த்த கை.

மறுபடி கட்டியது

கழுவ: இளஞ்சூடான தண்ணீர் கூட வேண்டாம், அறை வெப்பத் தண்ணீர். லிட்டருக்கு சில துளி நடுநிலைச் சோப்பு, பிளாஸ்டிக் தொட்டியின் அடியில் துணி, ஒரு முறைக்குப் பத்துத் தொங்கல். காய்ச்சி வடித்த நீரில் அலசல், பருத்தித் துணியில் ஒற்றி உலர்த்தல். பித்தளைப் பின்னோடு அம்மோனியா கலந்த கண்ணாடித் துடைப்பான் கூடவே கூடாது. இறுக்கத்தில் இருக்கும் பித்தளையை அது விரிசல் விடவைக்கும், அந்தப் பின் அறுந்து தொங்கல் விழும். மீயொலித் தொட்டியில் துளைச் சில்லு விரிசலாக வளரும். கண்ணாடிக்குள் வலை போல நுண்விரிசல், தொட்டால் பிசுபிசுப்பு தெரிந்தால் அது கண்ணாடி நோய். அவற்றை ஊறவைக்காமல் தனியே எடுத்து வைக்க வேண்டும்.

பின்களுக்கு 0.8 மி.மீ. பித்தளைக் கம்பி. கடையில் வருவது விறைப்பாக இருக்கும்; மங்கிய சிவப்பு வரும்வரை சூடாக்கி ஆறவிட்டால் மெத்தென்று வளையும். 35 மி.மீ. துண்டு, உருண்டை மூக்குக் குறட்டில் உள்விட்டம் 3 மி.மீ. வளையம். வளையத்தைக் கண்ணாடிக்கு வெளியே முழுதாகச் செய்துவிட்டுத்தான் கோக்க வேண்டும். துளைக்குள் விட்டு முறுக்கினால் வாய் சில்லு விடும். இப்படி இரண்டு தொங்கல் போனது. துருவேறா எஃகுக் கம்பி வலுவானது என்று மாற்றுவார்கள். காற்றில் ஆடும்போது கம்பி தேயாமல் துளைதான் தேயும்.

அடுக்கும்போது 118ம் வெளி வரிசைகளுக்கு. 41 ஈயத் தொங்கலும் தூக்கியெறியத் தக்கவை அல்ல. மேல்குடையின் உள் வரிசையில் ஒன்றாகப் போயின. வெளி வரிசையில் அங்கொன்று இங்கொன்றாகக் கலந்தால் அவற்றின் அதிக மின்னலே ஒட்டாமல் தெரியும். அச்சு 19ம் அக்ரிலிக் 6ம் வெளியே. 25 இடம் காலி.

வயரிங்: 0.75 சதுர மி.மீ. சிலிகான் உறை வயர், சட்டத்துக்குத் தனி எர்த், குழாய் வாய்களில் ரப்பர் வளையம். 500 வோல்ட் மெகரில் (மின்காப்பைச் சோதிக்கும் கருவி) 2 மெகாஓமுக்குக் கீழே காட்டினால் ஏற்றக் கூடாது. முதல் அளவில் ஒரு கை குறைந்தது. குழாய் வாயின் பிசிறு உறையைக் கீறியிருந்தது. அரத்தால் உட்பக்கம் மழுக்கியதும் சரியானது. உத்தரக் கொக்கியில் விளக்கின் எடையைப் போல நான்கு மடங்கு, இங்கே 68 கிலோ மணல் மூட்டை, ஒரு மணி நேரம். பல்பு தெளிந்த கண்ணாடி எல்.இ.டி., இ14 (சிறு திருகு அடி), 2700 கெல்வின். பால்வெள்ளை பல்பு போட்டால் எந்தக் கிரிஸ்டலும் செத்துவிடும். ஒளி புள்ளியாகப் பிறந்தால்தான் பட்டை உடைத்துக் காட்டும்.

அடுத்த முறை மாற்றுவது

365 டார்ச் முதலில், மற்றதெல்லாம் பிறகு. விளக்கு தொங்கும்போதே இருட்டில் அடித்தால் எந்த வரிசையில் எத்தனை இனம் என்று நிமிடங்களில் தெரிந்துவிடும், கழற்றும் வரிசையே அதற்கேற்ப அமையும். குற்றலை விளக்கு இந்தக் கருவிகளில் அதிகச் செலவு. தராசும் டார்ச்சும் லென்ஸும் இருந்தால் அது இல்லாமலே இதே முடிவுக்கு வந்திருக்கலாம். நேரம் தின்றது சோதனை அல்ல, 184 பின்கள்.

காலியான 25 இடத்துக்குத் தேடும்போது "பழைய பொஹீமியன் தொங்கல்" என்று கேட்டால் எதையாவது தருவார்கள். இந்த விவரத்தோடு கேட்பது உத்தமம்: நீளம் 50, அகலம் 28, நடுத்தடிப்பு 10 மி.மீ.; துளை 1.6 மி.மீ., நுனியிலிருந்து துளை மையம் 4 மி.மீ.; பின்பக்கமும் பட்டை தீட்டியது; எடை 14.5 முதல் 15.2 கிராம். இதே அளவில் 18 கிராம் என்று பதில் வந்தால் அது ஈயக் கிரிஸ்டல். நல்ல சரக்காக இருக்கலாம், இந்த விளக்குக்கு வேண்டாம்.